சம்மதம் கேட்ட மலை

மேலே போய் பகவானைத் தரிசித்துவிட்டு வாருங்கள் அம்மா, அவசரமே இல்லை என்று சுவாமிகள் சொல்லிவிட்டார். அவசரமே இல்லையாம். கோபுரவாசலின் நிலைப்படியைத் தாண்டும்போது ராஜமதி அந்த ஒரு சொல்லையே மென்றுகொண்டிருந்தாள். புருஷன் சாகலாமா கூடாதா என்று பெண்டாட்டி வாயால் சொல்லவேண்டும், அதற்கு அவசரமில்லை, மலையேறி இறங்கி வந்து சொன்னால் போதும். மழைக்காலம் முடியும்வரை அடிவாரத்து யாத்ரீகர் மண்டபத்தில் தங்கியிருக்கும் திகம்பர சமணத் துறவி அவர். சுவாமிகள் உடம்பில் துணியில்லாமல் மனையில் நிமிர்ந்து உட்கார்ந்து, மயிற்பீலியைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு அவளிடம் பேசியபோது குரலில் கடுமையே இல்லை. கடுமை இருந்திருந்தால் பதிலுக்கு ஏதாவது சொல்லியிருப்பாள். எதிர்த் தூணில் சாய்ந்து அவர் இருந்தார், தரணேந்திரன், அவள் புருஷன். வெள்ளை வேட்டி, தோளில் வெள்ளைத் துண்டு, வீங்கிப்போய்த் தோல் மினுங்கும் பாதங்கள். சல்லேகனை விரதம் எடுத்துக்கொள்கிறேன், இனி ஆஸ்பத்திரி வேண்டாம், ஆகாரத்தையும் தண்ணீரையும் கொஞ்சம் கொஞ்சமாக விட்டுவிட்டு இந்த மலையடியிலேயே கண்ணை மூடுகிறேன் என்று கேட்டாகிவிட்டது. கேட்டபோது அவளைப் பார்க்கவில்லை. தீராத நோய்க்காரர் கேட்கலாம், கேட்பதில் தப்பில்லை, ஆனால் கூட இருப்பவர்கள் மனசு ஒப்பி விடைகொடுக்க வேண்டும், அரைமனசாகக் கொடுத்தால் அது விடையே இல்லை என்று சுவாமிகள் சொன்னார். அப்புறம்தான் மண்டபத்தில் இருந்த எல்லோரும் அவள் பக்கம் திரும்பினார்கள். அவர் மட்டும் திரும்பவில்லை. தூணில் செதுக்கியிருந்த ஒரு கொடியை விரலால் தடவிக்கொண்டிருந்தார், அதுதான் அந்த நேரத்தில் முக்கியம் போல. வீட்டிலேயே சொல்லியிருக்கலாம் அல்லவா, சோறு போடும்போது, வண்டியில் வரும்போது, ராஜி, நான் இப்படி நினைக்கிறேன் என்று ஒரு வார்த்தை. கோயிலுக்குப் போகலாம் என்றுதானே கூட்டிக்கொண்டு வந்தார்.

பிராகாரத்துக் கல்குழிகளில் ராத்திரி பெய்த மழை தேங்கி நின்றது. மானஸ்தம்பத்தை அண்ணாந்து பார்த்தாள். ஒரே கல். அடியில் சதுரம், நடுவில் எட்டுப்பட்டை, மேலே உருண்டை, உச்சியில் நாலு திசையும் பார்த்து உட்கார்ந்த நாலு அருகர் சிலை. மானம்னா கர்வம், ராஜி, உள்ளே வர்றவன் இதை அண்ணாந்து பார்த்ததுமே தன் கர்வம் சின்னதாப் போயிடணும், அதுக்குத்தான் வாசல்லயே நட்டு வெச்சிருக்கான் என்று அவர் குரல் காதுக்குள் சொன்னது. அந்தக் குரலை நிறுத்த முடியவில்லை. இந்தக் கோயிலில் எந்தக் கல்லைப் பார்த்தாலும் அது அவர் குரலில்தான் பேசும். மின்வாரியத்தில் போர்மேன் வேலை, ஞாயிற்றுக்கிழமை ஆனால் கல்வெட்டு. கல்யாணமான புதிதில் மற்ற பெண்கள் சினிமாவுக்குப் போனபோது அவள் இந்த மலைக்குக் குடத்தில் தண்ணீர் சுமந்திருக்கிறாள். பாறையைக் கழுவி, ஈரத்தாளை ஒட்டி, பிரஷ்ஷால் தட்டித் தட்டி எழுத்துக்குள் இறக்கி, மேலே மையை ஒற்றி எடுத்தால் கறுப்புத் தாளில் வெள்ளையாக எழுத்து எழும்பும். எழும்பும்போது அவர் முகம் பார்க்க வேண்டும். பிள்ளை பிறந்தபோதுகூட அப்படி மலர்ந்ததில்லை என்று அவள் சண்டை போட்டிருக்கிறாள். இந்தக் கோயில் மேலேருந்து கீழே இறங்கி வந்தது என்பார். முதலில் உச்சியில் குகை மட்டும், சுவரில்லை, கதவில்லை, துறவிகள் படுக்கக் கல்லில் வெட்டிய படுக்கைகள். அப்புறம் யாரோ அதற்குக் கீழே செங்குத்துப் பாறையில் தீர்த்தங்கரர் நேமிநாதரை நிற்கவைத்துச் செதுக்கினான். அப்புறம் வேறொருத்தன் அதற்கும் கீழே பாறையிடுக்கை அடைத்து, தளம் போட்டு, சுதை பூசிச் சித்திரம் எழுதினான். சோழர் காலத்தில் அடிவாரத்தில் கருவறையும் மண்டபமும் வந்தன, ஏற முடியாத சம்சாரிகளுக்காக. கோபுரம் எல்லாவற்றுக்கும் கடைசி, நேற்று வந்த மாதிரி. ஏறுகிறவன் காலத்தில் பின்னோக்கிப் போகிறான், உச்சிக்குப் போனால் ஒன்றுமே இருக்காது, வெறும் பாறையும் பசியும்தான் என்பார். அதைச் சொல்லும்போது என்ன ஒரு பெருமை. வாசலில் கழற்றி வைக்கவேண்டிய கர்வத்தை அவர் உச்சி வரைக்கும் தூக்கிக்கொண்டுதான் போனார் என்று இப்போது அவளுக்குத் தோன்றியது. தோன்றியதும் ஐயோ என்றிருந்தது. சாகக் கேட்கிற மனுஷனைப் பற்றி இப்படியா நினைப்பது.

கீழ்க்கோயிலில் நிற்காமல் படியேறினாள். பாறையிலேயே வெட்டிய படி, நடுவில் தேய்ந்து பள்ளமாகி, பள்ளத்தில் தண்ணீர். எங்கு பார்த்தாலும் தண்ணீர். பாறை விளிம்பிலிருந்து சொட்டுகிறது, புல்நுனியில் நிற்கிறது, எட்டத்தில் ஏரி ததும்பி வெயிலில் கண்ணைக் கூசவைக்கிறது. ஊருக்கெல்லாம் இத்தனை தண்ணீர், அவருக்கு மட்டும் நாளைக்கு ஒரு சின்னச் செம்பு. சிறுநீரகம் ரெண்டும் நின்றுபோனதிலிருந்து அந்தச் செம்பை அளப்பவள் அவள்தான். காபியில் இவ்வளவு, ரசத்தில் இவ்வளவு, மாத்திரைக்கு இவ்வளவு. வாரத்தில் மூன்று நாள் விடியலில் காரில் ஏற்றி, ஆஸ்பத்திரியில் அந்த மெஷினோடு படுக்கவைத்து, ரத்தம் குழாய் வழியாக வெளியே போய்க் கழுவிக்கொண்டு திரும்பி வருவதைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்து, சாயங்காலம் துவண்ட துணி போலத் தூக்கி வரவேண்டும். அன்று ராத்திரி வாந்தி. மறுநாள் கொஞ்சம் தெளிச்சி. அதற்கு மறுநாள் திரும்ப மூச்சு இரைப்பு. போன கோடையில் ஒருநாள் மத்தியானம் அவர் அவள் கையைப் பிடித்துக்கொண்டு கெஞ்சினார். ஒரு வாய், ராஜி, ஒரே வாய். அவள் இல்லை என்றாள். தண்ணீர்ப்பானையைத் தூக்கிக்கொண்டுபோய் அடுத்த வீட்டில் வைத்துவிட்டு வந்தாள். திரும்பி வந்தபோது அவர் குளியலறைச் சுவரில் நாக்கை வைத்துக்கொண்டிருந்தார். ஈரச் சுவர். அவளைப் பார்த்ததும் சின்னப் பையன் மாதிரி முகத்தைத் துடைத்துக்கொண்டார். ரெண்டு பேரும் அதைப் பற்றிப் பேசவே இல்லை. அந்த மனுஷர் இப்போது தண்ணீரைத் தானே விடுகிறேன் என்கிறார். அவள் பிடுங்கினால் அது கொடுமை, அவரே விட்டால் அது விரதம். வித்தியாசம் தெரிகிறது அவளுக்கு. தெரியாமல் இல்லை. பிடுங்கப்படுவதைவிட விடுவது மேல் என்று அவர் முடிவு செய்திருக்கிறார், அவ்வளவுதான். அப்படியென்றால் சம்மதம் சொல்லவேண்டியதுதானே? சொல்லேன். கீழே இறங்கிப் போய்ச் சொல்லேன். கால் மேலேதான் போனது. சம்மதம் என்பது எவ்வளவு சின்னச் சொல், கல்யாணத்துக்குக் கேட்டபோது அதைக்கூட அவள் சொன்னதில்லை, தலையைக் குனிந்தாள், அப்பா அதையே சம்மதம் என்று எடுத்துக்கொண்டார். வாய்விட்டு அந்தச் சொல்லை அவளிடம் யாரும் கேட்டதே இல்லை. முதல்முதலாகக் கேட்கிறார்கள், அதுவும் இதற்கு.

சித்திரக்குகைக்குள் குனிந்து நுழைந்ததும் இருட்டு. வௌவால் வாடை. கண் பழகப் பழகக் கூரையில் வட்டம் வட்டமாகச் சமவசரணம் தெரிந்தது. பகவான் ஞானம் பெற்று உபதேசிக்கும்போது தேவர்கள் அமைத்த சபை. நடுவில் அவர் பீடம், சுற்றிப் பன்னிரண்டு கூட்டமும் உட்கார இடம். துறவிகளுக்கு ஓரிடம், தேவர்களுக்கு ஓரிடம், மனுஷருக்கு ஓரிடம், யானைக்கும் புலிக்கும் மானுக்கும்கூட ஓரிடம், ஒன்றையொன்று கடித்துக்கொள்ளாமல். சிவப்பு மங்கிவிட்டது, பச்சை இன்னும் இருந்தது. வட்டத்துக்கு வெளியே தாமரைக்குளம், மீன், வாத்து, பூப்பறிக்கிற ஆட்கள். குளத்துக்குப் பக்கத்தில் காரை உதிர்ந்து பெரிய வெள்ளைத் திட்டு. அங்கே என்ன இருந்தது என்று யாருக்கும் தெரியாது. அவருக்கு அந்தத் திட்டைப் பார்த்தால் வயிறு எரியும். அவளுக்கு அந்தத் திட்டுதான் பிடிக்கும், அங்கே யாரும் உட்கார்ந்து கைகூப்பிக்கொண்டிருக்க வேண்டாம். மகள் சுதாமதி போன வாரம் போனில் அழுதாள். என் கிட்னியைத் தர்றேன்னு அப்பாகிட்ட நாலு தடவை சொல்லிட்டேன், உன் உடம்பைக் கீறி நான் பிழைக்க மாட்டேன்னு ஒரே பிடிவாதம், நீயாவது சொல்லும்மா என்றாள். ராஜமதியே தரத்தான் முதலில் போனாள், சர்க்கரை இருக்கிறது என்று திருப்பி அனுப்பிவிட்டார்கள். மகளிடம் என்ன சொன்னாள்? பார்க்கலாம் என்றாள். அவர் மனசை மாற்றுகிறேன் என்று சொல்லவில்லை, பார்க்கலாம் என்றாள். இப்போது கீழே நடப்பது சுதாவுக்குத் தெரியாது. போன் செய்யலாம். இங்கே டவர் கிடைக்காது, அதுவும் ஒரு நிம்மதி. நிம்மதியா? எதில் நிம்மதி? கேட்டால் வேண்டாம் என்று கத்துவாள், கத்தினால் வேண்டாம் என்று சொல்லவேண்டி வரும், சொன்னால் நாளைக் காலையில் கார், நாளைக் காலையில் மெஷின், ராத்திரி வாந்தி. அதற்கு மேல் நினைப்பு ஓடாமல் அங்கேயே முட்டிக்கொண்டு நின்றது. கூரையில் புலிக்கும் மானுக்கும் இடம் ஒதுக்கியவன், பத்தியத் தண்ணீர் அளக்கிறவளுக்கு எந்த வட்டத்தில் இடம் வைத்திருப்பான் என்று தேடினாள். பெண்கள் கூட்டம் ஒன்று இருந்தது, எல்லாம் ஒரே மாதிரி முகம், எல்லாம் நடுவையே பார்த்துக்கொண்டு.

நேமிநாதர் எதிரே வந்ததும் மூச்சு வாங்கியது. பனைமரம் உயரத்துக்குப் பாறையிலிருந்து வெளியே வந்து நிற்கிறார். தொங்கும் கைகள் தொடையைத் தொடவில்லை, விரலுக்கும் தொடைக்கும் நடுவே வெளிச்சம் போகும்படி அந்தச் சிற்பி விட்டிருக்கிறான். அந்த இடைவெளியைச் செதுக்கத்தான் அவனுக்கு உயிர் போயிருக்கும் என்பார் அவர். காலடியில் நின்ற உபாத்தியாயர், கோயில் பூசைக்காரர், அவளைப் பார்த்ததும் ஐயா வரலியாம்மா என்று கேட்டார். கீழே இருக்கார் என்றாள். அவர் அட்சதையும் பூவும் தந்துவிட்டு, ஐயா சொன்னபடிதான் இங்க வர்றவங்களுக்கு நான் கதை சொல்றேன், அவர் மாதிரி வராது என்றார். அவள் தலையாட்டினாள். கதை. அவளுக்குப் பேர் வைத்ததே இந்தக் கதைதான். நேமிநாதர் அரசகுமாரனாக மாப்பிள்ளைக் கோலத்தில் தேரேறி வருகிறார். விருந்துக்கு வெட்டப் பட்டியில் அடைத்த ஆடுமாடுகள் கத்துவது காதில் விழுகிறது. தேரைத் திருப்பச் சொல்கிறார். நகையைக் கழற்றிச் சாரதியிடம் கொடுத்துவிட்டு மலையேறிப் போய்விடுகிறார். பந்தலில் பெண் காத்திருக்கிறாள், மருதாணிக் கையோடு, அவள் பேர் ராஜமதி. அப்பா இந்தச் சன்னிதியில் வேண்டிக்கொண்டு பிறந்தவள் என்பதால் இவளுக்கும் அதே பேர். பந்தலில் விடப்பட்டவள் பேரை யாராவது மகளுக்கு வைப்பார்களா? அவளும் பின்னாலேயே துறவு பூண்டு மலையேறினாள், அதுதானே பெருமை என்பார்கள். ஏறினாள், சரி. ஏறுவதற்கு முன்னால் அந்த மத்தியானம் பந்தலில் என்ன செய்தாள்? பூவை யார் எடுத்தது, அடுப்பில் ஏற்றியதையெல்லாம் யார் இறக்கியது, மாப்பிள்ளை வரலியாமே என்று கேட்டவர்களுக்கு யார் பதில் சொன்னது? ஆடுமாடு கத்தியது அவர் காதில் விழுந்தது, பந்தலில் இருந்தவள் கத்தவில்லை, அதனால் விழவில்லை. பக்கத்து மாடத்தில் அவருடைய காவல்தெய்வம் தருமதேவி, இடுப்பில் ஒரு பிள்ளை, கைபிடித்து ஒரு பிள்ளை, கீழே சிங்கம். அந்தச் சிங்கம் அவள் புருஷன்தான், அடித்து விரட்டியவன் செத்து வாகனமாக வந்து பிறந்தான் என்பது கதை. தன் புருஷனிடம் ஒரு தடவை கேட்டிருக்கிறாள், எனக்கு என்ன பண்ணினீங்க, நீங்க என்னவாப் பொறக்கப் போறீங்க என்று. உன் தண்ணிக் குடமா என்றார். சிரித்தார்கள். அப்போதெல்லாம் எவ்வளவு சிரிப்பு வந்தது. அட்சதையைப் பாதத்தில் போட்டாள். என்ன வேண்டிக்கொள்வது என்று தெரியவில்லை. இங்கே வேண்டுதல் கிடையாது, கேட்டால் கொடுக்கிற கடவுள் இல்லை இவர், வழியைக் காட்டிவிட்டுப் போனவர், அவ்வளவுதான் என்று காதுக்குள் திரும்ப அவர் குரல். சும்மா இருங்களேன் என்று வாய்விட்டே சொல்லிவிட்டாள். உபாத்தியாயர் திரும்பிப் பார்த்தார். மேல்குகைக்கா அம்மா, பாசி வழுக்கும், பார்த்துப் போங்க என்று மட்டும் சொன்னார்.

உச்சிக் குகையில் அவர் சொன்னபடியே ஒன்றுமே இல்லை. வெறும் பாறை, திறந்த வாய் மாதிரி. குகையின் நெற்றியில் நீளமாக ஒரு காடி வெட்டியிருந்தார்கள், மழைத்தண்ணீர் பாறைமேல் வழிந்து உள்ளே வராமல் வெளியிலேயே சொட்டிவிட. உள்ளே வரிசையாகக் கற்படுக்கைகள். உளியால் பொளிந்து வழவழப்பாக்கி, தலைப்பக்கம் கொஞ்சம் மேடாக விட்டு, கல்லிலேயே தலையணை. சாகப் போகிறவனுக்கு எதற்குத் தலையணை என்று முதல் தடவை பார்த்தபோது கேட்டாள். சாகும்வரைக்கும் கழுத்து வலிக்கும் இல்லையா என்றார். ஓரப் படுக்கையின் விளிம்பில் அந்தக் கல்வெட்டு, அவர் படியெடுத்து முதல்முதலாகத் தானே வாசித்தது. ஒரு துறவியின் பேர், அவர் உணவு துறந்து உயிர் விட்ட இடம் இது, இந்தப் படுக்கையை வெட்டிக் கொடுத்தவர் இன்னார். இன்னார் என்கிற இடத்தில் கல் சிதைந்திருக்கிறது. பெண்பேர் போலத் தெரியுது ராஜி, கடைசி எழுத்து அப்படித்தான் முடியுது என்று அவர் வெயிலில் உட்கார்ந்து மையும் கையுமாக மத்தியானம் முழுக்க மல்லாடினார். இப்போது அவள் விரலால் தடவிப் பார்த்தாள். யாராக இருந்தால் என்ன. கூட உட்கார்ந்திருந்தது யார் என்று இதில் இல்லை. உதடு வெடித்தபோது ஈரத்துணி வைத்தது யார், உளறியபோது பதில் சொன்னது யார், மலஜலம் எடுத்தது யார், மூச்சு நின்றது தெரியாமல் இன்னும் கொஞ்ச நேரம் விசிறிக்கொண்டிருந்தது யார். ஆசைதான் அவருக்கு. இந்த வரிசையில் தன் பேரும் வரவேண்டும் என்று. ஆஸ்பத்திரிக் கட்டிலில் குழாயோடு செத்தவன் என்று இருக்கக் கூடாது, நோற்று முடித்தான் என்று இருக்கவேண்டும். இருந்துவிட்டுப் போகட்டும். கால் ரெண்டும் கடுத்தது. உட்கார்ந்தாள். யாரும் இல்லை. படுக்கக் கூடாது என்று தெரியும். படுத்துவிட்டாள். கல் ஜில்லென்று முதுகில் ஏறியது. ராத்திரியெல்லாம் அவர் மூச்சை எண்ணியபடி கிடந்த முதுகு. வெளியே காடியிலிருந்து தண்ணீர் சொட்டுச் சொட்டாக விழுந்தது, விழுந்தது, விழுந்தது. கண் செருகியது. அப்போதுதான் அது வந்தது. அடுத்த மாதம் ஒரு காலை. கார்ச் சத்தம் இல்லை. அலாரம் இல்லை. வீட்டில் யாரும் வாந்தியெடுக்கவில்லை. ஜன்னல் வழியாக வெயில் கட்டில் வரைக்கும் வந்துவிட்டது, அவள் இன்னும் எழுந்திருக்கவில்லை, எழுந்திருக்க வேண்டியதில்லை. போர்வையை இழுத்துக்கொண்டு திரும்பிப் படுக்கிறாள். உடம்பெல்லாம் ஒரு இதம் பரவியது. சந்தோஷம். சந்தேகமே இல்லை, அது சந்தோஷம்தான்.

பாம்பை மிதித்தவள் போல எழுந்து உட்கார்ந்தாள். இல்லை, நான் அப்படி நினைக்கவில்லை, தூக்கக் கலக்கம், கனவு. கனவில்லை. கண் திறந்துதான் இருந்தது. அந்தக் காலையில் அவர் எங்கே என்று அவள் மனசு ஒரு கணம்கூடத் தேடவில்லையே. கட்டிலின் அந்தப் பக்கம் காலி என்பதுகூட அதில் இல்லை, அவ்வளவு சுத்தமாக அவரைத் துடைத்துவிட்டிருந்தது. அட பாவி. இறங்க ஆரம்பித்தாள். பாசியில் கால் வழுக்கி, கையை ஊன்றி, உள்ளங்கை சிராய்த்தது. சம்மதம் என்று சொன்னால் அந்தச் சொல்லுக்குள் இந்தக் காலைத் தூக்கமும் இருக்கும். எல்லோரும் கைகூப்புவார்கள், எப்பேர்ப்பட்ட மனசு என்பார்கள், அவர் பேரோடு அவள் பேரும் ஊரெல்லாம் போகும், அவளுக்கு மட்டும் தெரியும் தான் எதற்கு விடைகொடுத்தாள் என்று. சம்மதமில்லை என்று சொன்னாலோ? அது மட்டும் சுத்தமா? இந்தச் சந்தோஷம் வந்துவிட்டதே என்ற பயத்தில் சொல்கிற இல்லை அது. என்னைக் காப்பாற்றிக்கொள்ள அவரைத் திரும்ப ஊசியில் குத்தவைப்பது. அவர் உண்மையிலேயே தயாராக இருந்தால்? இந்த உடம்பு போதும் என்று நிஜமாகவே உள்ளே கனிந்திருந்தால்? நேமிநாதரைத் தாண்டினாள், அண்ணாந்து பார்க்கவில்லை. உபாத்தியாயர் ஏதோ கேட்டார், காதில் விழவில்லை. வழியில் ஒரு குடும்பம் மேலே வந்துகொண்டிருந்தது, அந்த அம்மாள் இன்னும் எவ்வளவு தூரம் இருக்குதுங்க என்று மூச்சிரைக்கக் கேட்டாள், கிட்டத்தான் என்று சொல்லிவிட்டு இறங்கினாள். சம்மதம். சம்மதமில்லை. சம்மதம். ஒவ்வொரு படிக்கும் ஒன்றாக மாறிக்கொண்டே வந்தது, கடைசிப் படியில் எது வருகிறதோ அதையே சொல்லிவிடலாமா என்றுகூடத் தோன்றியது. அந்த அளவுக்கு வந்துவிட்டாள். படி முடிந்த இடத்தில் சேறு. எது வந்தது என்று நினைவில்லை. ஓடிப்போய்விடலாம், அந்தக் கோபுரவாசல் வழியாக ரோட்டுக்குப் போய் ஏதாவது ஒரு பஸ்ஸில் ஏறிவிடலாம். செருப்பு மண்டபத்துக்கு வெளியே கிடந்தது. அவர் செருப்புக்குப் பக்கத்தில்.

மண்டபத்தில் எல்லோரும் இருந்த இடத்திலேயே இருந்தார்கள். யாரோ பாய் நகர்த்திக் கொடுத்தார்கள், அவள் உட்காரவில்லை. அவர் இந்தத் தடவை அவளைப் பார்த்தார். கண்ணில் அப்படியொரு கெஞ்சல். அதைப் பார்த்ததும் சம்மதம் என்பது தொண்டை வரைக்கும் வந்துவிட்டது. சுவாமிகள், சொல்லுங்கம்மா, எதுவானாலும் சரி என்றார். அவள் சிராய்த்த கையை முந்தானையில் சுற்றிக்கொண்டாள். என்ன சொல்லப்போகிறோம் என்று தெரியாமலேதான் வாயைத் திறந்தாள்.

"சம்மதம்னு சொல்லத்தான் சாமி வந்தேன். சொல்ல முடியல. மேல ஒரு நிமிஷம் படுத்தேன். இவர் இல்லாமப் போனா நான் நல்லாத் தூங்குவேன்னு தோணிச்சு. சந்தோஷமா இருந்துச்சு. இவர் கஷ்டத்தைப் பார்த்து நான் விடை கொடுக்கலாம். ஆனா இப்ப நான் கொடுத்தா அதுல என் அலுப்புதான் பாதி இருக்கும். எது இவருக்காக, எது எனக்காகன்னு என்னால பிரிக்க முடியல."

கூட்டத்தில் ஒரு பெண் வாயில் துணியை வைத்துக்கொண்டாள். சொல்லிவிட்டதும் வெட்கம் வரும் என்று நினைத்தாள், வரவில்லை. சுவாமிகள் தரணேந்திரனைப் பார்த்து, இந்த அம்மா மனசைத் திறந்து சொன்னதற்கு அப்புறம் இப்போது உங்களுக்கு நான் இந்த விரதம் கொடுப்பதற்கில்லை என்றார். கொடுக்கிறவர், எடுக்கிறவர், விடைசொல்கிறவர், எவர் மனசிலும் தள்ளிவிடுகிற எண்ணமோ தப்பித்துப் போகிற எண்ணமோ துளி இருந்தாலும் அது வெறும் சாவுதான், விரதம் இல்லை. உங்கள் மனசையும் பாருங்கள். மழைக்காலம் முடிவதற்குள் திரும்ப வாருங்கள், வராவிட்டாலும் குற்றமில்லை. இவ்வளவுதான் சொன்னார். மயிற்பீலியை உயர்த்தி ஆசீர்வதித்துவிட்டு, கமண்டலத்தை எடுத்துக்கொண்டு எழுந்து உள்ளறைக்குப் போய்விட்டார். ஆட்கள் ஒவ்வொருவராக நழுவினார்கள். அவர் தூணோடு தூணாக இருந்தார். முகம் சாம்பலாகியிருந்தது. அவள் பக்கத்தில் போய் உட்கார்ந்தபோது தாழ்ந்த குரலில், பல்லைக் கடித்துக்கொண்டு பேசினார்.

"எனக்குன்னு ஒண்ணு மிச்சம் இருந்துச்சு. அதையும் எடுத்துட்டே."

"ஆமாங்க."

"திரும்ப அந்த ஊசிக்கு அனுப்புறே."

"ஆமாங்க. என்னால பொய் சொல்ல முடியல."

"தூக்கம்," என்றார் அவர். "உனக்குத் தூக்கம் இல்லாம இருந்துச்சா?" கேட்டுவிட்டு நிறுத்திக்கொண்டார். கேள்வி என்ன கேள்வி என்று அவருக்கே பட்டிருக்க வேண்டும். ஒரே அறையில், ஒரே கட்டிலில், அவர் வலியிலேயே அவர் இருந்தார், அவள் கண் மூடியதா என்று பார்க்க அவருக்கு இடமே இருந்திருக்காது. அவளிடம் ஒரு சொட்டு சக்தி மீதமில்லை. கோபம், பயம், அந்தப் பாழாய்ப்போன சந்தோஷம் எல்லாம் வாய்வழியாகப் போய்விட்டது, உடம்பு வெறும் பாத்திரம் மாதிரி கிடந்தது. நாளைக்கு என்ன, இவர் காரில் ஏறுவாரா, ஏறமாட்டேன் என்றால் யார் தூக்கி ஏற்றுவது, சுதாவிடம் என்ன சொல்வது, திரும்ப அந்தச் செம்பு, அந்த அளவு. ஒவ்வொன்றையும் எடுத்து யோசிக்கப் பார்த்தாள், கையிலிருந்து நழுவி விழுந்தது. பாயின் ஓரத்தில் கொஞ்சம் சாய்ந்தாள். ஒரு நிமிஷம் என்று நினைத்துக்கொண்டாள். மத்தியான வெயில் மண்டபத்துத் தரையில் தூண் நிழலைச் சின்னதாக்கிக்கொண்டிருந்தது. ஈ ஒன்று கன்னத்தில் வந்து உட்கார்ந்தது, விரட்டக் கை எழவில்லை. துண்டு ஒன்று காற்றில் ஆடும் சத்தம், ஈ போய்விட்டது. தூரத்தில் யாரோ செருப்பைத் தேய்த்துக்கொண்டு வந்தார்கள். கார் டிரைவர் முருகேசனாக இருக்கும். கிளம்பலாமாங்க ஐயா, அம்மாவை எழுப்பட்டுமா என்று கேட்டான். எழுந்திரு என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டாள், எழுந்திரு, அவருக்கு மாத்திரை நேரம். எழ முடியவில்லை. அவர் குரல் தலைக்கு மேலே, ரொம்பக் கிட்டத்தில், ரகசியம் பேசுவது போல வந்தது.

"எழுப்பாதே. தூங்கட்டும்." துண்டு திரும்ப ஆடியது. "விடியக்காலைல ஆஸ்பத்திரிக்கு வண்டியக் கொண்டா. நான் மட்டும் வர்றேன். சுதாவை வரச்சொல்லி இப்ப போன் போடு."